தாமரையை வாயால் சொல்லாத வீடு

கலியாணம் முடித்து இரண்டரை வருசம் நான் தாமரை என்ற சொல்லை வாயால் சொல்லவில்லை. நாக்கில் புண் ஒன்றும் இல்லை. என் புருசனின் பெயரின் முன்பாதி தாமரை, அவ்வளவுதான். பின்பாதியை இங்கே எழுதப்போவதில்லை. ஊரில் எல்லோருக்கும் தெரியும், வெளியாட்களுக்கு எதற்கு?

புருசன் பெயரைப் பெண்சாதி சொல்லக்கூடாது. சொன்னால் அவருடைய ஆயுள் குறையும். எங்கள் பக்கத்தில் அப்போது இதைப் பற்றி ஒருவரும் வாதம் பண்ணுவதில்லை. நெருப்பில் கை வைத்தால் சுடும் என்பதற்கு யாராவது வாதம் பண்ணுவார்களா? என் அம்மா சொன்னதில்லை, அயலில் எவளும் சொன்னதில்லை. "இஞ்சேருங்கோ" என்று கூப்பிட்டால் அவரவர் புருசன் திரும்பிப் பார்ப்பார். கோயில் திருவிழாவில் ஒருத்தி "இஞ்சேருங்கோ" என்றால் பத்து ஆம்பிளைகள் திரும்புவார்கள், அது வேறு கதை.

மற்றப் பெண்களுக்கு இதில் பெரிய கஷ்டம் இல்லை. சாமி பெயர் வைத்தவனைக் கட்டினவள் சாமியை வேறு பெயர் சொல்லிக் கும்பிட்டுக்கொள்வாள். சாமிக்கு ஆயிரம் பெயர். எனக்கு வாய்த்ததோ, வீட்டுக்குப் பின்னால் ஒரு குளம் நிறையப் பூத்துக் கிடக்கிற பெயர்.

நான் திருகோணமலை டவுனில் கடற்கரைப் பக்கம் பிறந்தவள். மீனில் எது எந்த மாதம் ருசி என்று கேளுங்கள், சொல்கிறேன். குளத்தைப் பற்றி ஒன்றும் தெரியாது. கட்டிக்கொடுத்த இடம் தம்பலகாமம். சுற்றிவர வயல், நடுவில் குளம், குளம் முழுக்க அது. அந்த வீட்டில் சோறு போடுவது அதன் இலையில். கறி வைப்பது அதன் கிழங்கில். கொட்டையை உடைத்துச் சும்மா இருக்கும்போது தின்பார்கள். தண்டை முறித்து நூல் எடுத்து விளக்குக்குத் திரி திரிப்பார்கள். பூ கோயிலுக்கு. காலையில் எழும்பினால் படுக்கும்வரை இருபது தடவையாவது அந்தச் சொல் தேவைப்படும். வாயைத் திறந்தால் புருசன் ஆயுளில் கை வைத்த மாதிரி.

"மாமி சொல்லுவாதானே, நீ தலையாட்டினால் காணும்" என்று என் அம்மா ஆறுதல் சொல்லித்தான் அனுப்பினார். போய்ப் பார்த்தால் மாமிக்கும் வாய் பூட்டு. எங்களில் மூத்த பேரனுக்குத் தகப்பனைப் பெற்றவரின் பெயர் வைப்பது வழக்கம். அப்படி வைத்த பெயர்தான் என் புருசனுக்கு. அதாவது அது மாமியின் மாமனார் பெயர். மாமனார் பெயரையும் மருமகள் சொல்லக்கூடாது. ஆகவே மாமி தான் பெற்ற பிள்ளையைப் பிறந்த நாள் முதல் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. "தம்பி, தம்பி" என்றே வளர்த்துவிட்டார். மாமா செத்து நாலு வருசம் ஆகியிருந்தது. ஆக அந்த வீட்டில் இரண்டு பெண்கள், ஒரு குளம், குளத்தில் உள்ளதற்குப் பெயர் இல்லை.

நான் அங்கே போன முதல் கிழமையே தொடங்கிவிட்டது.

"பிள்ளை, குளத்தில போய் அதைப் பறிச்சுக்கொண்டு வா" என்றார் மாமி.

"எதை மாமி?"

"அதைத்தான்."

நான் போய் அல்லியைப் பறித்துக்கொண்டு வந்தேன். மாமி கையை விரித்து, "இதில்லை, மற்றது, பெரிசு" என்றார். திரும்பிப் போய் இருந்தவற்றுக்குள் பெரிய அல்லியாகப் பார்த்துப் பறித்துவந்தேன். மாமிக்குப் பொறுக்கவில்லை. "அவன்ர பூ, பிள்ளை!" என்றார்.

"எவன்ர?"

"உன்ர அவன்ர!"

அதற்குப் பிறகுதான் எனக்கு விளங்கியது. சேலையை இடுப்பில் சொருகிக்கொண்டு முழங்கால் சேற்றில் இறங்கிப் பறித்துவந்தேன். மாமி வாங்கி வைத்துவிட்டு, "டவுன் பிள்ளையள் கெட்டிக்காரியள் எண்டு சொன்னவை" என்றார். வந்த புதிது என்பதால் பேசாமல் இருந்தேன். இப்போது என்றால் இருந்திருக்க மாட்டேன்.

நாளடைவில் நாங்கள் இருவரும் எங்களுக்கென்று ஒரு பாஷை உண்டாக்கிக்கொண்டோம். இலைக்குச் சாப்பாட்டிலை. கிழங்கை வெட்டினால் உள்ளே ஓட்டை ஓட்டையாக இருக்கும், ஆகவே ஓட்டைக்கிழங்கு. பூவுக்குப் பெரியபூ. வீட்டுக்குள் இது நன்றாக ஓடியது. ஒழுங்கையில் கிழங்கு கொண்டுவந்து விற்கிற பெண் ஒருத்தி இருந்தாள், அவளுக்கு எங்கள் சங்கதி தெரியும். மாரியில் குளம் நிறைந்து எங்களுக்குக் கிழங்கு கிண்ட ஏலாத நாட்களில் அவளிடம்தான் வாங்கவேண்டும். கடகத்தை இறக்கி வைத்துவிட்டு, "என்ன கிழங்கு வேணும்?" என்பாள்.

"அந்தக் கிழங்குதான்."

"எந்தக் கிழங்கு? வத்தாளங்கிழங்கு இருக்கு, மரவள்ளி இருக்கு. பேரைச் சொன்னால் தாறன்."

நான் விரலால் காட்டுவேன். அவள் மரவள்ளியைத் தூக்கிக் காட்டுவாள். "பேர் சொல்லாமல் என்னெண்டு தாறது அக்கா?" என்று பல்லைக் காட்டிச் சிரிப்பாள். ஒருநாள் எனக்கு வந்த கோபத்தில், "உன்ர கிழங்கும் வேண்டாம், ஒண்டும் வேண்டாம், போடி" என்று திரும்பிவிட்டேன். அன்றைக்கு வீட்டில் சோற்றுக்கு வெறும் சொதிதான்.

கோயிலில் இன்னும் பெரிய சிக்கல். தேவாரத்தில் இந்தப் பூ அடிக்கடி வரும். பாதத்தைச் சொன்னாலும் அது, முகத்தைச் சொன்னாலும் அது, கண்ணைச் சொன்னாலும் அது. அந்த இடம் வந்தால் மாமி வாயை மூடிக்கொண்டு "ம்ம்ம்" என்று இழுப்பார். நானும் பக்கத்தில் நின்று "ம்ம்ம்" என்பேன். ஒருநாள் குருக்கள் திருநீறு தரும்போது, "வீட்டில ரெண்டு பேருக்கும் பல்லுக்குத்தோ?" என்று கேட்டார்.

நான் ஐந்தாம் வகுப்புவரை படித்தவள். பள்ளிக்கூடத்தில் ஒரு பொருள் குறித்த பல சொல் என்று பாடமாக்கியது எனக்குத் தண்ணீர்பட்ட பாடு. கமலம், பங்கயம், அம்புயம், அரவிந்தம், முளரி, பதுமம், நளினம். இத்தனை பெயர் இருக்க நான் ஏன் ஓட்டைக்கிழங்கு என்று சொல்லிச் சாகவேண்டும்? ஒருநாள் குசினியில் மாமியிடம் கேட்டேன்.

"மாமி, கமலம் எண்டு சொல்லலாம்தானே? அது வேற சொல்."

மாமி கிழங்கு சுரண்டிக்கொண்டிருந்தார். நிமிரவில்லை. "கமலம் எண்டால் என்ன?"

"பெரியபூ."

"பெரியபூ ஆற்ர பேர்?"

நான் சுரண்டின தோலைக் கூட்டி அள்ளினேன்.

"ஒரு வீட்டுக்கு எத்தனை வாசல் இருந்தாலும், உள்ளுக்குப் போனால் ஒரே வீடுதானே பிள்ளை" என்றார் மாமி. "எந்தச் சொல்லால சொன்னாலும் அவன்ர பேர்தான்."

எனக்கு இது அநியாயமாகப் பட்டது. பெயர் என்பது சத்தம். நாக்கும் உதடும் அந்தச் சத்தத்தைச் செய்தால்தான் குற்றம் என்பது என் கட்சி. பெயர் என்பது அது குறிக்கிற சாமான். என்ன சத்தம் போட்டாலும் குற்றம் குற்றமே என்பது மாமியின் கட்சி. இதை வைத்துக்கொண்டு ஒரு மாமியாரும் மருமகளும் எத்தனை நாள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு இருக்கலாமோ அத்தனை நாள் இருந்தோம். கிழங்கு மட்டும் ஓட்டைக்கிழங்காகவே இருந்தது.

பாவம், என் புருசனுக்கு இந்தச் சண்டை ஒன்றும் தெரியாது. தச்சுவேலை செய்கிறவர். வாய் பேசாத மனுசன். யுத்தம் வந்து, சிங்கப்பூரும் விழுந்து, திருகோணமலைத் துறைமுகத்தில் கப்பல்கள் வந்து குவிந்தபோது சீனன்குடாவில் விமானத்தளத்துக்கு ஆள் எடுத்தார்கள். இவரும் உளிப்பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனார். கிழமையில் ஆறு நாள் அங்கே வேலையாட்களின் லயத்தில் படுக்கை, சனிக்கிழமை பின்னேரம் வீட்டுக்கு வருவார். வரும்போது மாமி "தம்பி வந்திட்டான்" என்பார், நான் "வந்திட்டார்" என்பேன். எங்கள் வீட்டில் அவருக்கு அவ்வளவுதான் பெயர்.

அந்த வருசம் சித்திரைப் பிறப்புக்கு நாலைந்து நாள் இருக்கும்போது ஜப்பான்காரன் வந்தான். காலமை. நான் முற்றம் கூட்டிக்கொண்டிருந்தேன். முதலில் இடி என்றுதான் நினைத்தோம், வானத்தில் ஒரு முகில் இல்லை. பிறகு நிலம் நடுங்கியது. சீனன்குடாப் பக்கம் கறுப்புப் புகை எழும்பி அப்படியே நின்றது. எண்ணெய்த்தாங்கியில் விழுந்துவிட்டது என்றார்கள். மாமி முற்றத்தில் நின்று புகையைப் பார்த்துக்கொண்டே இருந்தார். "தம்பி அந்தப் பக்கத்தில வேலை செய்யிறேல்லைதானே?" என்று என்னைக் கேட்டார். எனக்கு எப்படித் தெரியும்? "இல்லை மாமி" என்று பொய் சொன்னேன்.

அன்று முழுக்க ரோட்டில் சனம். டவுனை விட்டு, சீனன்குடாவை விட்டு, பாயும் பானையுமாக ஓடிவந்துகொண்டிருந்தார்கள். ஒவ்வொருவரையும் மறித்துக் கேட்டோம். ஒருவன் லயம் எரிந்தது என்றான். இன்னொருவன் லயத்துக்கு ஒன்றும் இல்லை, ஆட்கள்தான் போய்விட்டார்கள் என்றான். இவர் வரவில்லை.

மறுநாள் விடிந்ததும் மாமி சேலை மாற்றிக்கொண்டு நின்றார். "நட" என்றார். ரயில் ஓடவில்லை, ஆகவே தண்டவாளத்தின் மேலேயே நடப்பது என்று முடிவு. பக்கத்து வளவுக்காரர் வேலிக்கு மேலால், "ரெண்டு பொம்பிளையள் தனியப் போறியளோ, நானும் வாறன்" என்றார். மாமி, "வேண்டாம் தம்பி, உங்களுக்கும் பெண்சாதி பிள்ளை இருக்கு. நாங்கள் ரெண்டு பேரும் காணும்" என்றார். நானும் பெரிய மனுசியாகத் தலையாட்டினேன். என் ஆயுசில் நான் தலையாட்டிய மோசமான தலையாட்டல் அதுதான்.

ஏழெட்டு மைல். சிலிப்பர்கட்டைக்குச் சிலிப்பர்கட்டை கால் வைத்து நடந்தோம். எதிரே வருகிற சனமெல்லாம் எங்களை விசரிகளைப் பார்ப்பதுபோலப் பார்த்தது. "அங்காலை போகாதேங்கோ!" என்று கத்தினார்கள். மாமி ஒருவருக்கும் பதில் சொல்லவில்லை. வழிநெடுக வாய்க்குள் நேர்த்தி வைத்துக்கொண்டே வந்தார். கோணேசருக்கு ஒன்று, பிள்ளையாருக்கு ஒன்று, அம்மனுக்கு இரண்டு. நான் அழுதுகொண்டு வந்தேன். அவருக்கு ஒன்றும் ஆகியிருக்கக்கூடாது, அதைத் தவிர எனக்கு வேறு நினைப்பே இல்லை.

வாசலில் குறுக்குத்தடி போட்டு இரண்டு சிப்பாய்கள் நின்றார்கள். தடிக்கு உள்ளே ஒரு மேசை, மேசைக்குப் பின்னால் கதிரையில் கண்ணாடி போட்ட ஒரு கிளாக்கர். யாழ்ப்பாணப் பக்கத்து ஆள் என்பது நிமிர்ந்து இருந்த விதத்திலேயே தெரிந்தது. எங்களுக்கு முன்னால் முப்பது பேர் வரிசையில். எட்டிப் பார்த்தேன். மேசையில் இரண்டு பட்டியல் விரித்தபடி கிடந்தன. மூன்றாவது தாள் ஒன்றைக் குப்புறப் போட்டு அதன் மேல் ஒரு கருங்கல் வைத்திருந்தார். முன்னுக்கு நின்ற கிழவர் திரும்பி மெதுவாகச் சொன்னார்: "முதல் தாளில இருந்தால் வேலையில நிக்கிறார். ரெண்டாம் தாள் ஆசுப்பத்திரி." கல்லுக்குக் கீழே என்ன என்று அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. சொல்லவேண்டுமா? குப்புறப் போட்ட தாள். வரிசை நகர நகர நான் அந்தக் கல்லையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

எங்கள் முறை வந்தது.

"பேர்?" என்றார் கிளாக்கர், தலையை நிமிர்த்தாமல்.

நான் மாமியைப் பார்த்தேன். மாமி என்னைப் பார்த்தார்.

அப்போதுதான் எங்கள் இருவருக்கும் உறைத்தது. இவ்வளவு தூரம் நடந்து வந்திருக்கிறோம். தண்ணீர்ச் செம்பு மறக்கவில்லை, திருநீறு மறக்கவில்லை, அவருக்கு மாற்ற ஒரு சாரம்கூட எடுத்துவந்தோம். அவர் பெயரைச் சொல்லக்கூடிய ஒரு ஆளைக் கூட்டிவரவேண்டும் என்று இரண்டு பேரில் ஒருத்திக்கும் தோன்றவில்லை.

"அம்மா, பேர்?"

"என்ர பிள்ளை, ஐயா" என்றார் மாமி.

"பிள்ளைக்குப் பேர் இல்லையோ?"

"இருக்கு. நல்ல பேர்."

"அந்த நல்ல பேரைச் சொல்லுங்கோவன்."

"அது என்ர மாமாவின்ர பேர்."

"சரி, மாமாவின்ர பேர் என்ன?"

"அதுதான் என்ர பிள்ளையின்ர பேர்."

கிளாக்கர் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். பிறகு என் பக்கம் திரும்பினார். "நீங்கள் ஆர்?"

"அவற்ர பெண்சாதி."

"ஓ" என்றார். அவருக்கு விளங்கிவிட்டது. அவர் வீட்டிலும் ஒருத்தி "இஞ்சேருங்கோ" என்று கூப்பிடுகிறவளாகத்தானே இருப்பாள். கொஞ்சம் இரங்கி, "ஒரு அடையாளமாவது சொல்லுங்கோ தங்கச்சி" என்றார்.

"குளத்தில பூக்கிற பூ, ஐயா. பெரிய பூ. இலையில தண்ணி ஒட்டாது."

படித்த மனுசன். அதுதான் வினை. சும்மா ஒரு ஆளாக இருந்தால் தாமரையோ என்று நேரே கேட்டிருப்பான். இவருக்கு முகம் மலர்ந்துவிட்டது. "கமலமோ? பங்கயமோ? அம்புயமோ, அரவிந்தமோ? கமலத்தில தொடங்கிற பேரே அஞ்சு பேருக்கு இருக்கு."

"எல்லாம் ஒண்டுதான் ஐயா!" என்றார் மாமி, கையை எடுத்துக் கும்பிட்டு.

"உங்களுக்கு ஒண்டு அம்மா. எனக்கு அது எட்டு ஆள்" என்றார் கிளாக்கர்.

பின்னால் நின்ற சனம் முறுமுறுக்கத் தொடங்கியது. "முந்நூறு பேரையும் வாசிச்சுக் காட்ட எனக்கு ஏலாது. தள்ளி நில்லுங்கோ, அடுத்த ஆள்!" என்றார். நான் விடவில்லை. "ஐயா, எழுதித் தாறன், பென்சிலைத் தாங்கோ" என்றேன். அவர் பென்சிலை நெஞ்சோடு பிடித்துக்கொண்டார். "இது அரசாங்கப் பென்சில். நான் இதுக்குக் கையெழுத்து வைச்சிருக்கிறன்."

சரி போ என்று வாசலில் கிடந்த ஒரு சுள்ளியை எடுத்துக் குந்தி இருந்து மண்ணில் எழுதினேன். மாமி, "நிலத்தில எழுதாதே பிள்ளை, காலில மிதிபடும்" என்று தடுத்தார். "வாயால சொல்லேல்லைத்தானே மாமி" என்று முழுப்பெயரையும் எழுதிவிட்டேன். நல்ல வடிவான எழுத்து, கிளாக்கர் தூர இருந்தே வாசிக்கட்டும் என்று முழ அளவில். எழுதி முடித்து, "ஐயா, வந்து பாருங்கோ" என்றேன். அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு கதிரையை விட்டு எழும்பினார்.

அந்த நேரம் பார்த்துச் சிப்பாய் குறுக்குத்தடியைத் தூக்கினான். உள்ளேயிருந்து ஒரு லொறி வந்தது. நாங்கள் பாய்ந்து விலகினோம். அவருடைய பெயரின் மேல் முன் சில்லு ஏறியது, பின் சில்லு ஏறியது. லொறி போன பிறகு பார்த்தால் டயரின் கோடுதான் கிடந்தது.

"ஐயோ என்ர பிள்ளை!" என்று மாமி தலையில் அடித்துக்கொண்டார்.

எனக்குக் கோபம் வந்தால் கண் மண் தெரியாது. அன்றைக்கு, முதல்நாளிலிருந்து சேர்ந்திருந்த பயமும் அழுகையும் எல்லாம் ஒன்றாய்க் கூடிக் கோபமாக வந்தது. லொறியைப் பார்த்து, கிளாக்கரைப் பார்த்து, ஜப்பான்காரனையும் சேர்த்துப் பார்த்து, அவருடைய பெயரை முன்பாதி பின்பாதி முழுவதுமாகத் தொண்டை கிழியக் கத்தினேன். இரண்டரை வருசம் உள்ளே கிடந்த பெயர், வெளியே வந்த சத்தத்தில் சிப்பாய் தோளில் கிடந்த துவக்கில் கை வைத்தான்.

கிளாக்கர் மெதுவாகக் கதிரையில் இருந்தார். "இதைத்தானே தங்கச்சி முதலே கேட்டனான்" என்றார்.

முதல் தாளில் விரலை ஓட்டினார். இல்லை. இரண்டாம் தாளில் பாதியில் விரல் நின்றது. "இருக்கு. ஆசுப்பத்திரி" என்றார். மாமி என் கையைப் பிடித்தார். உயிர் இருக்கிறது. ஆனால் கிளாக்கர் நிறுத்தவில்லை. முறைப்படி பார்க்கவேண்டும்போல, கல்லைத் தூக்கி மூன்றாவது தாளைத் திருப்பினார். அதிலும் விரல் நின்றது.

"இதிலயும் ஒருத்தர் இருக்கிறார். அதே பேர்." எங்களைப் பார்த்தார். "உங்கட ஆள் எவர்? தகப்பன் பேர் என்ன?"

தகப்பன் பெயர் என் மாமனார் பெயர். அதுவும் எனக்கு விலக்கு. விலக்கு கிடக்கட்டும், என்னிடம் இருந்த கோபத்தை எல்லாம் செலவழித்துவிட்டேன், சத்தம் வரவில்லை. மாமியைப் பார்த்தேன். ஆஸ்பத்திரியா, கல்லா என்பது இப்போது அவர் வாயில்தான் இருந்தது.

மாமி சேலைத் தலைப்பை இழுத்துத் தோளை மூடினார். நிலத்தைப் பார்த்தார். பிறகு தன் புருசனின் பெயரைச் சொன்னார். பக்கத்தில் நின்ற எனக்கே சரியாகக் கேட்கவில்லை.

"கேக்கேல்லை அம்மா. உரத்துச் சொல்லுங்கோ."

உரத்துச் சொன்னார். கிளாக்கர் எழுதத் தொடங்கிவிட்டார். மாமி மூன்றாவது தரமும் சொன்னார். அதைச் சொல்லும்படி ஒருவரும் கேட்கவில்லை.

"அப்ப உங்கட ஆள் இவர்" என்று கிளாக்கர் மூன்றாவது தாளைத் தட்டினார்.

நான் அந்த இடத்திலேயே குந்திவிட்டேன். மாமி குழறத் தொடங்கினார். எங்களைப் பார்த்துப் பின்னால் நின்ற பெண்களும் குழறினார்கள். கிளாக்கர் பதறி எழும்பினார். "என்ன, ஏன் அழுகிறியள்? நிப்பாட்டுங்கோ! இது காட்டுக்குள்ள ஓடினவையின்ர பட்டியல்!"

மாமி பாதிக் குழறலில் நின்றார். "என்ன?"

"முதல் குண்டு விழமுந்தி, வேலையைப் போட்டிட்டு ஓடினவை. துரை பாத்தால் ஏசுவார் எண்டு கவிட்டு வைச்சனான். காத்துக்குப் பறக்காமல் கல்லு."

மாமிக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தது. "ஓடினவனோ? என்ர பிள்ளை ஓடினவனோ?" என்று மூக்கைத் துடைத்தார். "நல்ல காரியம் செய்தான்! சின்னனிலயும் அப்படித்தான் ஐயா, ஆடு முட்ட வந்தாலும் முதல் ஓடுறது அவன்தான்!" இவ்வளவு பெருமையாக ஒரு தாய் தன் பிள்ளையை நாலு பேர் முன்னால் பயந்தாங்கொள்ளி என்று சொல்லி நான் கேட்டதில்லை. கிளாக்கர், "வந்தால் இஞ்ச வந்து கையெழுத்து வைக்கச் சொல்லுங்கோ" என்றார். ஆஸ்பத்திரியில் கிடந்த அந்த மற்றவரின் வீட்டுக்காரி எங்களுக்குப் பின்னால் வரிசையில் நின்றிருக்கலாம். திரும்பிப் பார்க்க எனக்குத் துணிவு வரவில்லை.

திரும்பி வரும்போது வெயில் ஏறிவிட்டது. கொஞ்சத் தூரம் பொறுத்துப் பார்த்தேன், என்னால் ஏலவில்லை.

"மாமி, நான் அவற்ர பேரைச் சொல்லிப்போட்டன். ஏதும் ஆகுமோ?"

மாமி அதே நடையில் நடந்தார். "நான் முப்பத்தொரு வருசம் சொல்லாமல் காத்தனான்" என்றார். "அந்த மனுசன் அம்பது வயசிலயே போட்டுது."

தண்ணீர்ச் செம்பை நீட்டினேன், மாமி வாங்கவில்லை.

"கூப்பிட ஆசையாத்தான் இருந்தது" என்றார். "காய்ச்சலில கடைசிநாள் கிடக்கேக்க, கூப்பிட்டால் கண்ணைத் திறப்பார்போல இருந்தது. வாய் வரைக்கும் வந்தது. ஆயுள் குறைஞ்சிடும் எண்டு விழுங்கிப்போட்டன்."

வீடு வரும்வரை மாமி எனக்கு முன்னாலேயே நடந்தார்.

ஒழுங்கை திரும்பியதும் வேலிக்கு மேலால் கண்டேன். காட்டுவழியாகச் சுற்றிவந்து எங்களுக்கு முன்பே வீடு சேர்ந்திருக்கிறார். உடம்பெல்லாம் முள்ளுக் கீறல், சாரம் கிழிந்து, குசினி வாசலில் குந்தி இருந்து சட்டியோடு பழஞ்சோறு தின்றுகொண்டிருந்தார். படலையைப் பிடித்துக்கொண்டு, "இஞ்சேரு..." என்று தொடங்கினேன்.

மாமி என் கையைப் பிடித்தார்.

"அதில்லை. பேரைச் சொல்லிக் கூப்பிடு பிள்ளை" என்றார். "ஆள் இருக்கேக்க கூப்பிடு."

கூப்பிட்டேன். அவர் சோற்றுக் கையோடு எழும்பி, எங்களையும் தாண்டி, தன்னை யார் கூப்பிட்டது என்று ஒழுங்கையைப் பார்த்தார்.